தாலி கட்டியாச்சு, கடுதாசியில் அப்பா எங்கே?

தம்பி, உங்கள் கேள்வியை இரண்டு தரம் வாசித்தேன். நீங்கள் அம்பாறையில் திருக்கோவில் பக்கம், ஜேர்மனிக்குப் படிக்க வந்து இரண்டு வருடம், துணைவி இங்கேயே பிறந்து வளர்ந்த யாழ்ப்பாணத்துப் பிள்ளை, ஜேர்மன் கடவுச்சீட்டு. போன ஆவணியில் கோயிலில் தாலி கட்டியாச்சு, ஊரிலிருந்து கடுதாசிகள் வந்து சேராததால் எழுத்து, அதாவது சட்டப்படி விவாகப் பதிவு, மட்டும் முடியவில்லை. பிள்ளை பிறக்க இன்னும் இரண்டரை மாதம். நீங்கள் கேட்டது மூன்று: பிறப்புச் சான்றிதழில் உங்கள் பெயர் வருமா, டி.என்.ஏ. எடுக்கச் சொல்வார்களா, விசாவுக்காகச் செய்கிறான் என்று யாராவது நினைத்தால் என்ன செய்வது.

பெயர் தானாக வராது. நீங்களும் துணைவியும் போய்க் கையெழுத்து வைத்தால்தான் வரும்.

இதை நான் படித்துச் சொல்லவில்லை, பட்டுச் சொல்கிறேன். நான் மட்டக்களப்பில் ஆரையம்பதி. 1995இல் இங்கே வந்தேன். 2000இல் ஒரு மண்டபத்தில் ஐயரைக் கூப்பிட்டு, அம்மி மிதித்து, முந்நூறு பேருக்குச் சோறு போட்டுக் கலியாணம் செய்தோம். எழுத்துக்கு உங்களைப் போலவே ஊர்க் கடுதாசி வரவில்லை, பிறகு பார்ப்போம் என்று விட்டாச்சு. அடுத்த வருடம் மகள் பிறந்தாள். ஆஸ்பத்திரியில் தந்த படிவத்தில் 'திருமணமானவர்' என்ற கட்டத்தில் நான் துணிந்து புள்ளடி போட்டேன், பொய் சொல்கிறேன் என்ற நினைப்பே எனக்கில்லை. மறுகா பிறப்புப் பதியும் ஸ்ராண்டெஸ்அம்ற்றிலிருந்து கடிதம் வந்தது, விவாகச் சான்றிதழைக் கொண்டு வரச் சொல்லி. நான் கொண்டு போனது கலியாண அல்பம். அந்தப் பெண் அலுவலர் நல்ல மனிசி, சிரிக்கவில்லை. ஒவ்வொரு பக்கமாகத் தட்டிப் பார்த்தார், தாலி கட்டுகிற படத்தில் கொஞ்ச நேரம் நின்றார், கூறைச்சேலை வடிவாக இருக்கிறது என்றார், பிறகு அல்பத்தை மூடி என் பக்கம் தள்ளிவிட்டு, 'இது ஆவணம் இல்லை' என்றார்.

மகளின் முப்பத்தொன்றாம் நாள் துடக்குக் கழிவு நடந்த கிழமைதான் பிறப்புச் சான்றிதழ் தபாலில் வந்தது. தகப்பன் இருக்க வேண்டிய இடம் வெறுமையாக இருந்தது. அதைவிடப் பகிடி, பிள்ளையின் குடும்பப் பெயர். எங்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்றில்லை, தகப்பன் பெயரைத்தானே பின்னால் போடுகிறோம், கடவுச்சீட்டில் அதுதான் குடும்பப் பெயர் என்று ஏறிவிடும். சட்டப்படி தகப்பன் இல்லாத பிள்ளைக்குத் தாயின் குடும்பப் பெயர், தாயின் குடும்பப் பெயர் அவருடைய தகப்பனின் பெயர். ஆக என் மகள் ஐந்து மாதம் கடுதாசியில் என் மாமனாரின் மகளாக இருந்தாள். மாமனாருக்குச் சந்தோஷம்தான், எனக்கு அந்தக் கடுதாசியைப் பார்க்கும்போதெல்லாம் வயிற்றைக் கலக்கும்.

ஜேர்மன் சட்டத்தில் ஒருவர் அப்பா ஆவதற்கு மூன்றே வழி. பிள்ளை பிறக்கும் நேரத்தில் தாயின் கணவராக இருப்பவர், அதாவது எழுத்து முடிந்த கணவர். இல்லையென்றால் தாயின் சம்மதத்தோடு 'இது என் பிள்ளை' என்று எழுத்தில் ஏற்றுக்கொண்டவர். அதுவும் இல்லையென்றால் நீதிமன்றம் இவர்தான் என்று தீர்த்தவர். தாலியும் இந்தக் கணக்கில் இல்லை, இரத்தமும் முதல் இரண்டில் இல்லை. பிறப்புக்கு முதல் நாள் எழுத்து முடிந்தால் நீங்கள் பேசாமல் அப்பா. மறுநாள் முடிந்தால் இல்லை, அப்போதும் தனியாக ஏற்றுக்கொள்ள வேண்டும். எங்கள் ஆட்கள் அதிகம் தவறுகிற இடம் இதுதான், பிள்ளை பிறந்தால் என்ன, அடுத்த மாதம் பதிவு எழுதினால் எல்லாம் சரி வந்துவிடும் என்று இருந்துவிடுவார்கள்.

உங்களுக்கு உரியது இரண்டாவது வழி. அதைப் பிள்ளை வயிற்றில் இருக்கும்போதே செய்யலாம், செய்யுங்கள். ஸ்ராண்டெஸ்அம்ற்றிலும் செய்யலாம், பிள்ளைகள், இளையோர் விடயங்களைப் பார்க்கும் யூகெண்ட்அம்ற்றிலும் செய்யலாம், இரண்டிலும் காசு இல்லை. ஆனால் நான் யூகெண்ட்அம்ற்றுக்குப் போகச் சொல்வேன், காரணம் கீழே வருகிறது. இப்போதே போன் பண்ணி நேரம் எடுங்கள், சில ஊர்களில் ஆறு, ஏழு கிழமை தள்ளித்தான் தருவார்கள். இருவரின் கடவுச்சீட்டு அல்லது அடையாள அட்டை, இருவரின் பிறப்புச் சான்றிதழ், உங்களுடையதற்கு ஜேர்மன் மொழிபெயர்ப்பு, பிள்ளை பிறக்கும் திகதி தெரிய துணைவியின் கர்ப்பகாலப் புத்தகமான முத்தர்பாஸ், இவ்வளவும்தான் பெரும்பாலும் கேட்பார்கள். அவர் முன்பு கலியாணம் செய்து பிரிந்தவராக இருந்தால் விவாகரத்துத் தீர்ப்பும் வேண்டும். உங்கள் ஜேர்மன் போதுமா என்பதை நேரம் எடுக்கும்போதே உண்மையாகச் சொல்லிவிடுங்கள். அந்தப் பத்திரத்தை விளங்காதவரிடம் கையெழுத்து வாங்கமாட்டார்கள், மொழிபெயர்ப்பாளர் யார் என்பதை அவர்களிடமே கேளுங்கள், மச்சானைக் கூட்டிக்கொண்டு போய் நிற்கவேண்டாம்.

உள்ளே என்ன நடக்கும் என்றால், அலுவலர் பத்திரத்தை முதல் எழுத்திலிருந்து கடைசிவரை சத்தமாக வாசிப்பார். பிள்ளைக்குச் செலவு கொடுக்க வேண்டிய கடமை, பிள்ளை உங்கள் சொத்துக்கு வாரிசு என்பது, பிறகு மனம் மாறினால் சும்மா வாபஸ் வாங்க முடியாது என்பது, எல்லாம் அதற்குள் வரும். என் முறையில் வாசித்து முடிக்கவே பத்து நிமிடத்துக்கு மேல் போனது, மகள் மனிசியின் மடியில் கிடந்து கத்திக்கொண்டிருந்தாள், அலுவலர் ஒரு வரியும் விடவில்லை. கலியாண மந்திரத்தை நான் அவ்வளவு கவனமாகக் கேட்டிருக்கமாட்டேன். டி.என்.ஏ. பற்றி யாரும் மூச்சு விடவில்லை, கேட்கவும் மாட்டார்கள். இரத்தம் பார்ப்பது சண்டை வந்து நீதிமன்றம் போனால். யாராவது வீட்டில் களவாக வாயில் பஞ்சு தடவி அனுப்பிப் பார்க்கலாம் என்று சொன்னால் காதில் போடாதீர்கள், 2010இலிருந்து சம்மதம் இல்லாமல் அப்படிப் பார்ப்பது சட்டவிரோதம்.

இனி, ஏன் யூகெண்ட்அம்ற். அப்பா ஆவது வேறு, பராமரிப்பு உரிமை வேறு. நீங்கள் தகப்பன் என்று எழுதிய பிறகும், கலியாணம் பதியாதவரை பிள்ளையைப் பற்றி முடிவெடுக்கும் உரிமை தாய்க்கு மட்டுமே. எந்தப் பள்ளிக்கூடம், எந்தச் சத்திரசிகிச்சை, எந்தக் கடவுச்சீட்டு, எல்லாம் அவர் கையெழுத்து. இருவருக்கும் சேர்த்து வேண்டுமென்றால் சோர்கெஎர்க்ளேறுங் என்று இன்னொரு பத்திரம் இருக்கிறது, அதை ஸ்ராண்டெஸ்அம்ற் எழுதாது, யூகெண்ட்அம்ற் அல்லது நொத்தாரிசுதான் எழுதும். ஆகவே அங்கே போனால் ஒரே கதிரையில் இருந்து இரண்டையும் முடிக்கலாம், இதுவும் பிறப்புக்கு முன்பே செய்யக்கூடியது. நான் முதலாவதை மட்டும் ஸ்ராண்டெஸ்அம்ற்றில் முடித்துவிட்டு வேலை முடிந்தது என்று வீட்டுக்கு வந்தவன், பெயர் மாற்றப் போனபோதுதான் இரண்டாவது ஒன்று இருப்பதே தெரிந்தது. அது எழுதி மூன்று மாதத்துக்குள் பிள்ளையின் குடும்பப் பெயரைப் புதிதாகத் தீர்மானிக்கலாம் என்பதால்தான் என் மகள் மாமனாரின் மகளாக இல்லாமல் என் மகளானாள். நீங்கள் முன்கூட்டியே இரண்டையும் எழுதினால் முதல் சான்றிதழிலேயே விரும்பிய பெயர் வரும். 2025 மே மாதத்திலிருந்து இருவரின் பெயரையும் சேர்த்து இரட்டைப் பெயராகவும் வைக்கலாம். என்னைக் கேட்டால் வேண்டாம், எங்கள் இரண்டு பெயர்களைச் சேர்த்தால் எந்தப் படிவத்திலும் அடங்காது.

உங்கள் விசாவுக்கும் இந்த இரண்டாவது பத்திரம்தான் முக்கியம். பிள்ளை தாய் வழியில் பிறக்கும்போதே ஜேர்மன் குடிமகன், அதற்கு உங்கள் கையெழுத்துத் தேவையில்லை. பராமரிப்பு உரிமையுள்ள தகப்பனுக்கு, ஜேர்மன் பிள்ளையின் பெற்றோர் என்ற முறையில் தங்கும் அனுமதிக்கு வழி உண்டு.

அதனால்தான் மூன்றாவது பயம் வருகிறது, நியாயமான பயம்தான். விசாவுக்காகப் பொய்யாகத் தகப்பன் என்று எழுதுவது இங்கே நடக்கிறது, அதைத் தடுக்க 2017இல் சட்டம் வந்தது. அலுவலருக்குத் திட்டமான சந்தேகம் இருந்தால் பத்திரம் எழுதுவதை நிறுத்திவைத்து வெளிநாட்டவர் அலுவலகத்துக்கு அனுப்பலாம். நாட்டைவிட்டுப் போகச் சொல்லி உத்தரவு வந்தவர், தாயும் தகப்பனும் ஒரு தரமும் சேர்ந்து வாழாதவர்கள், ஒரே ஆள் பல பிள்ளைகளுக்குக் கையெழுத்து வைத்தது, காசு கைமாறியது, இப்படியானவற்றைத்தான் பார்ப்பார்கள். அதே சட்டம் இன்னொன்றும் சொல்கிறது: உண்மையில் பெற்ற தகப்பன் செய்வது ஒருபோதும் துர்ப்பிரயோகம் ஆகாது. உங்களிடம் செல்லுபடியான மாணவர் விசா இருக்கிறது, இருவரும் ஒரே வீட்டில் பதிந்திருக்கிறீர்கள், பிள்ளை உங்களுடையது. ஒருவேளை இழுத்தடித்தால் அப்போது நீங்களாக முன்வந்து டி.என்.ஏ. கொடுத்து வாயை அடைக்கலாம், அதற்கு முன் அவசியமில்லை. ஆனால் உங்களோடு படிக்கிற எவனாவது, யாரோ ஒரு பெண்ணின் பிள்ளைக்குக் கையெழுத்து வை, ஆயிரம் ஐரோ வாங்கலாம் என்று வந்தால், அந்த ஆயிரத்துக்காக அந்தப் பிள்ளை படித்து முடிக்கும்வரை செலவு கொடுக்க வேண்டிவரும்.

இன்னொரு கதை, உங்களுக்குப் பொருந்தாது, ஆனால் இதை வாசிக்கும் வேறு யாருக்காவது உதவும். களுவாஞ்சிக்குடிப் பக்கத்து நண்பர் ஒருவர், அவரோடு வாழ்ந்த பெண் ஊரில் கலியாணம் எழுதி, அந்த ஆள் அடித்ததால் விட்டுவிட்டு வந்து ஏழு வருடம். விவாகரத்து எடுக்கவில்லை, யார் மாவட்ட நீதிமன்றத்துக்கு அலைவது என்று விட்டாச்சு. பிள்ளை பிறந்தது, பதிவில் தகப்பனாக வந்தது ஊரில் இருக்கிற அந்த ஆளின் பெயர். நண்பர் தலையால் நடந்தும் ஏற்றுக்கொள்ளும் பத்திரம் எழுத முடியவில்லை, ஏற்கெனவே ஒரு தகப்பன் இருக்கும்போது இரண்டாவதுக்கு இடமில்லை. பிள்ளை பிறக்கும் முன்பே விவாகரத்து வழக்குப் போட்டிருந்தால், தீர்ப்பு உறுதியாகி ஒரு வருடத்துக்குள் மூவரும், அந்தப் பழைய கணவரும் உட்பட, சம்மதித்துக் கையெழுத்து வைத்து மாற்றியிருக்கலாம். அவர்களிடம் வழக்கே இல்லை. பிறகு இங்கே நீதிமன்றம், சட்டத்தரணி, டி.என்.ஏ., விஷயம் தெரிந்ததிலிருந்து இரண்டு வருடத் தவணைக்குள் போட வேண்டும் என்ற ஓட்டம். பிள்ளை நடக்கத் தொடங்கிய பிறகுதான் சொந்த அப்பாவின் பெயர் வந்தது.

ஊர்ப் பக்கமும் இது புதுசு இல்லை, தம்பி. 1951ஆம் ஆண்டுப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி அங்கேயும் கலியாணம் பதியாதவர்களின் பிள்ளைக்குத் தகப்பன் பெயர் எழுத வேண்டுமென்றால் தாயும் தகப்பனும் சேர்ந்து கேட்டுக் கையெழுத்து வைக்க வேண்டும். எங்கள் பழைய பிறப்புச் சான்றிதழில் 'பெற்றோர் விவாகஞ் செய்தவர்களா' என்று ஒரு கூடு இருக்கிறது, உங்களுடையதிலும் இருக்கும், எடுத்துப் பாருங்கள். பிள்ளைக்கு இலங்கைக் குடியுரிமையும் வேண்டுமென்றால் பிறந்து ஒரு வருடத்துக்குள் தூதரகத்தில் பதியுங்கள், அங்கேயும் உங்கள் பெயர் உள்ள ஜேர்மன் சான்றிதழைத்தான் முதலில் கேட்பார்கள். இரண்டு நாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருப்பதை ஜேர்மனி 2024 யூனிலிருந்து தடுப்பதில்லை.

கடைசியில் எழுதியிருந்தீர்களே, அம்மா போனில் பிள்ளை எந்தக் குடி, அதாவது எந்த வம்சம், என்று கேட்டு அழுகிறார் என்று. அதற்கு என்னிடம் பதில் இல்லை. எங்கட பக்கம் குடி தாய் வழி, கோயிலை நிர்வகிக்கும் வண்ணக்கர் முறைகூட அந்தக் கணக்கில்தான் போகும். தாய் யாழ்ப்பாணம் என்றால் அந்தக் கணக்கில் பிள்ளைக்கு என்ன போடுவது என்று உங்கள் ஊர்ப் பெரியவர்கள்தான் சொல்ல வேண்டும். யூகெண்ட்அம்ற்றில் அதற்குக் கூடு இல்லை. நேரம் கிடைத்ததும் திகதியை எழுதுங்கள், உங்கள் பிறப்புச் சான்றிதழின் மொழிபெயர்ப்பில் பெயர் எழுத்துகள் கடவுச்சீட்டோடு ஒத்துப் போகிறதா என்று நான் ஒரு தரம் பார்த்துத் தருகிறேன், எனக்கு அதில் ஒரு 'எச்' கூடி இரண்டு மாதம் போனது.