தம்பி கேட்ட பத்து நாள்

கேள்வி: என் தம்பிக்கு 31 வயது. தருமபுரியில் அம்மாவுடன் இருக்கிறான். வீட்டிலிருந்தே கம்ப்யூட்டர் வேலை. அம்மா பக்கவாதம் வந்து நான்கு வருடமாகப் படுக்கையில். தம்பி சனிக்கிழமை ராத்திரியானால் நண்பர்களோடு ஆன்லைனில் பகடை உருட்டி ஏதோ கதை விளையாட்டு ஆடுகிறான். அதில் இவன் இல்மேட்டர் என்ற சாமிக்குப் பூசாரியாம். சிவப்புக் கயிற்றால் கட்டிய இரண்டு கைகள்தான் சாமியின் சின்னம். அதை வரைந்து அம்மாவின் மருந்து அலமாரிக்கு மேலே மாட்டியிருக்கிறான். தன் மணிக்கட்டிலும் சிவப்புக் கயிறு. அம்மாவுக்குக் கஞ்சி ஊட்டும்போது அது நனைந்து பார்க்கவே அசிங்கமாக இருக்கிறது. பெண் வீட்டார் வந்தபோது படத்தைப் பார்த்து ஒரு மாதிரி ஆகிவிட்டார்கள். போன மாதம் “பத்து நாள் நீ வந்து அம்மாவைப் பாரு அக்கா, எங்க சாமியே லீவு தருது” என்று சிரிக்கிறான். எனக்கு இங்கே பிள்ளைகளின் பரீட்சை. இல்லாத சாமியைக் கும்பிடுகிறவனை மனநல டாக்டரிடம் காட்டலாமா? படத்தையாவது கழற்றிவிடலாமா?
– ஓர் அக்கா, ஓசூர்

பதில்: படத்தைப் பற்றி எழுதினீர்கள், கயிற்றைப் பற்றி எழுதினீர்கள், பெண் வீட்டார் முகம் போன போக்கையும் எழுதினீர்கள். அந்தப் பத்து நாளை மட்டும் பரீட்சை என்று ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள். நான் அங்கேதான் உட்காரப் போகிறேன்.

எனக்கு இந்தச் சாமியைத் தெரியாது. என் அக்கா பேரன் இதே விளையாட்டுக்காரன், அவனுக்குப் போன் போட்டேன். அரை மணி நேரம் பேசினான், காபி ஆறிப்போனது. டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் என்று 1974-இல் அமெரிக்காவில் வந்த விளையாட்டாம். அதற்கென்று கற்பனை உலகங்கள் பல உண்டு. அதில் ஒன்று, கனடாக்காரர் எட் கிரீன்வுட் சின்ன வயதிலிருந்தே மனதுக்குள் கட்டிக்கொண்டு வந்து, 1987-இல் விளையாட்டுக்காக அச்சான ஃபர்காட்டன் ரெல்ம்ஸ். உங்கள் தம்பியின் சாமிக்கு ஊர் அதுதான்.

அங்கே சாமிகளுக்குப் பஞ்சமில்லை. நீதிக்கு ஒருவர், கடமைக்கு ஒருவர், அடுத்தவர் வலியை வாங்கிக்கொள்ள இந்த இல்மேட்டர். மூன்று பேரும் ஒரு கூட்டணி. இல்மேட்டரின் பூசாரிகள் சாம்பல் நிற உடுப்பில் திரிவார்களாம், ஒரு நாளைக்கு ஆறு தடவையாவது பிரார்த்தனையாம். நோயாளி, அடிபட்டவர், அகதி என்று யார் வந்தாலும், அவர் எந்தச் சாமியைக் கும்பிடுகிறவர் என்று கேட்காமல் மருந்து போடவேண்டும். இத்தனை சாமி இருக்க, உங்கள் தம்பி ஏன் இதைப் பிடித்தான் என்று ஒரு நாளாவது கேட்டீர்களா?

இப்போது லீவுக்கு வருகிறேன். அவன் அதைச் சும்மா அடித்துவிடவில்லை. அடுத்தவர் வலியைச் சுமந்து சுமந்து பூசாரி உள்ளுக்குள் உடைந்துபோகக் கூடாது என்று அந்தக் கோயிலில் ஒரு வழக்கம் வைத்திருக்கிறார்கள். ஓய்வு வேண்டும் என்று அவர் கேட்கலாம். கேட்டால், பத்து நாளைக்குச் சாமியின் கட்டளைகளிலிருந்து விடுதலை. ஏன் பத்து? அந்த உலகத்தில் வாரம் என்பதே பத்து நாள்தான். மாதத்துக்கு மூன்று வாரம், வருடத்துக்குப் பன்னிரண்டு மாதம், மிச்சம் ஐந்து நாள் திருவிழா. ஆக, நான்கு வருடம் கழித்து உங்கள் தம்பி ஒரு வார லீவு கேட்டிருக்கிறான். அதையும் நேராகக் கேட்க வாய் வராமல், சாமியைச் சாக்கு வைத்து, சிரித்துக்கொண்டே கேட்டிருக்கிறான். அந்தச் சிரிப்பு உங்களுக்கு விளையாட்டாகப் படுகிறது. எனக்கு வயிற்றைப் பிசைகிறது.

கஞ்சியில் கயிறு நனைகிறது என்று எழுதினீர்களே, அம்மணி, அப்போது நீங்கள் எங்கே இருந்தீர்கள்? பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தீர்கள் என்று நினைக்கிறேன். கிண்ணத்தை வாங்கி நீங்கள் ஊட்டியிருந்தால் கயிறு நனைந்திருக்காது.

டாக்டர் விஷயம். பகடை உருட்டி ஆடுகிறவனுக்கு இது ஒருவர் எழுதிய கதை என்று நம்மைவிட நன்றாகத் தெரியும். ஆறு நாள் அம்மாவோடு, ஒரு ராத்திரி நண்பர்களோடு. இதில் பைத்தியம் எங்கே இருக்கிறது? நான்கு வருடம் சரியாகத் தூங்காதவனுக்கு டாக்டர் தேவைப்படலாம், மறுக்கவில்லை. ஆனால் அதற்குக் காரணம் சுவரில் தொங்கவில்லை. நானும் வெள்ளி தவறாமல் கோயிலுக்குப் போகிறவள்தான். பெற்றவளின் மருந்து அலமாரிக்கு மேலே பிள்ளை மாட்டிய படம் எதுவானாலும் எனக்கு அதில் சண்டை இல்லை.

பெற்றவளைப் பார்ப்பது கல்யாணமாகாத பிள்ளையின் தலையெழுத்து என்று உங்கள் வீட்டில் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். யாரும் சொல்லாமலே அப்படி ஆகியிருக்கும். இப்படிக் கடிதங்கள் எனக்கு வந்துகொண்டே இருக்கின்றன, பெரும்பாலும் பார்த்துக்கொள்ளாத பிள்ளைதான் எழுதுகிறது. கட்டிக்கொடுத்த பெண்ணுக்குத் தாய் பாதித் தாய் ஆகிவிடமாட்டாள். பிள்ளைகளின் பரீட்சையை அவர்கள் அப்பா பத்து நாள் பார்த்துக்கொள்ளட்டும், குடி முழுகிவிடாது. ஓசூரிலிருந்து தருமபுரி இரண்டு மணி நேர பஸ்.

போவதற்கு முன்னால் தம்பிக்குப் போன் போட்டுத் தேதியைச் சொல்லுங்கள். “பார்க்கலாம்டா” வேண்டாம், தேதி. முதல் நாள் அவனைப் போகவிடாமல், அம்மாவைப் புரட்டிப் படுக்க வைப்பதைப் பக்கத்தில் நின்று கற்றுக்கொள்ளுங்கள். படுக்கைப் புண் வராமலிருக்க இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை திருப்பவேண்டும், ராத்திரியிலும்தான். அலாரம் வைத்துக்கொள்ளுங்கள். மறுநாள் அவன் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பும்போது எங்கே, யாரோடு என்று குடையாதீர்கள். பத்து நாளும் “அந்த மாத்திரை எங்கேடா” என்று மணிக்கு ஒரு தடவை அவனுக்குப் போன் அடிக்கவும் கூடாது. எழுதி வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

படத்தைக் கழற்றலாமா என்ற கேள்வியை மட்டும் நிறுத்தி வைத்திருக்கிறேன். பதினோராம் நாள் அந்த அலமாரி பக்கத்திலேயே உட்கார்ந்து திரும்ப எழுதுங்கள், பதில் சொல்கிறேன்.