கூட்டுறவு வங்கிக் கடனும் மக்கள் நீதிமன்றமும்

கேள்வி: ஆத்தங்குடி கல் பட்டறைக்காக, பூர்வீக வீட்டை அடமானம் வைத்துக் கூட்டுறவு வங்கியில் கடன் பெற்றேன். தவணை தவறியதால் 60 நாள் நோட்டீஸ் வந்துள்ளது. நீதிமன்றம் வழியாகச் சமரசம் செய்ய இயலுமா? (வாசகர், காரைக்குடி)

பதில்: இயலும், ஆனால் நோட்டீஸுக்குப் பதில் அனுப்பாமல் இருந்துவிடாதீர்கள். இது, கடன் தவறினால் அடமானச் சொத்தை வங்கி நீதிமன்றம் செல்லாமலே கையகப்படுத்த வழிசெய்யும் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி வந்த நோட்டீஸ். கூட்டுறவு வங்கிகளுக்கும் அச்சட்டம் பொருந்தும் என 2020-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது. உங்கள் ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்தால், 15 நாட்களுக்குள் வங்கி காரணத்துடன் பதிலளித்தாக வேண்டும்.

அதனுடன், வட்ட சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுத்து, வழக்குக்கு முந்தைய நிலையிலேயே மக்கள் நீதிமன்றத்தில் வைக்கக் கோரலாம். அங்கு இரு தரப்பும் ஒப்பினால் மட்டுமே தீர்வு கிடைக்கும். வட்டியைக் குறைப்பது வங்கியின் கொள்கைக்கு உட்பட்டதேயன்றி உங்கள் உரிமையன்று. அங்கு பிறப்பிக்கப்படும் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்கு நிகரானது, அதன்மீது மேல்முறையீடு கிடையாது என்பதால், ஒரு தவணை தவறினால் முழுத் தொகையும் உடனே செலுத்தவேண்டும் என்ற நிபந்தனை இருக்கிறதா என்று பார்த்து, உங்கள் வருமானத்துக்கு இயன்ற தவணைக்கு மட்டுமே கையெழுத்திடுங்கள்.

செட்டிநாட்டு வீடுகள் பெரும்பாலும் பங்காளிகளின் பொதுச் சொத்து. கையெழுத்திடாத பங்காளியின் பங்கை உங்கள் அடமானம் பொதுவாகக் கட்டுப்படுத்தாது. ஆகவே பத்திரங்களை வழக்கறிஞரிடம் இவ்வாரமே காட்டுங்கள். வங்கி வீட்டைக் கையகப்படுத்த நடவடிக்கை எடுத்தால், 45 நாட்களுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தை அணுகலாம்.