சீப்பைக் கண்டு கடிக்கும் குட்டி

கேள்வி: தென்னாப்பிரிக்காவின் குவாசூலு-நட்டால் மாகாணத்தில், டோங்காட் அருகே கரும்பும் காய்கறியும் பயிரிடுகிறேன். காவலுக்கு வாங்கிய 4 மாத நாய்க்குட்டிக்கு முடி நீளம். கரும்புக்குள் போய் வந்தால் ஒட்டும் விதைகளோடும் உண்ணிகளோடும் திரும்புகிறது. சீப்பை எடுத்தாலே கடிக்கிறது. இருவர் அமுக்கிப் பிடித்தும் முடியவில்லை. மாட்டு டிப்பில், அதாவது மாட்டு உண்ணி மருந்துக் கரைசலில், முக்கினால் சீவவே வேண்டாம் என்கிறார் கடைக்காரர். செய்யலாமா?

பதில்: கூடாது, ஐயா. மாட்டுக்கு விற்கும் அமிட்ராஸ் என்ற உண்ணிக்கொல்லிக் கரைசலை உங்கள் வீட்டு வாளியில் குத்துமதிப்பாகக் கலந்து குட்டியை முக்கினால், தோல் வழியாகவும் நக்குவதாலும் மருந்து உள்ளே போய், குட்டி சோர்ந்து, இதயத்துடிப்பு தளர்ந்து, உடல் குளிர்ந்துவிடும். அந்தக் கடைக்காரருக்குத் தெரிந்தது டப்பாவின் விலை மட்டுமே. குட்டியின் எடைக்கு ஏற்ற உண்ணி மருந்தைக் கால்நடை மருத்துவரிடம் கேட்டு வாங்குங்கள்.

சீப்பைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். கால்விரல் இடுக்கைப் பிரித்துப் பார்க்கக் குட்டி விடுகிறதா என்றுதான் நீங்கள் கேட்டிருக்க வேண்டும். முடி சிக்கானால் கத்தரித்துவிடலாம். குவாசூலு-நட்டாலில் நாய்களைக் கொல்லும் நோய்களில் ஒன்று, மஞ்சள் நாய் உண்ணி பரப்பும் பிலியரிக் காய்ச்சல் என்ற இரத்தக் கிருமி நோய். உண்ணி கடித்தவுடனே கிருமி இரத்தத்தில் ஏறிவிடுவதில்லை; பொதுவாக உண்ணி இரண்டு நாளாவது ஒட்டியிருந்து குடிக்க வேண்டும். ஆகவே மருந்து போட்டிருந்தாலும் தினமும் மாலையில் காதின் உட்புறம், கழுத்து, அக்குள், வாலடி, விரல் இடுக்கு ஆகிய இடங்களை விரலால் தடவிப் பார்க்கும் வழக்கத்தை நான் எதற்காகவும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

அதற்குக் குட்டியைப் பழக்க விலையுயர்ந்த தூரிகைகள் தேவையில்லை. ஒரு வாரம் சீப்பை மறந்துவிட்டு, பாதத்தை இரண்டு நொடி தொட்டுவிட்டு உடனே வேகவைத்த ஈரல் துணுக்கு ஒன்றைக் கொடுங்கள். ஈரலுக்குப் பதிலாகக் குழம்புக் கறியைக் கொடுக்காதீர்கள்; அதில் சேர்ந்த வெங்காயம் நாய்க்கு நஞ்சு. முதலில் தொடுதல், பிறகு தீனி என்ற வரிசை மாறக் கூடாது. அது காலை இழுப்பதற்கு முன்பே நீங்கள் கையை எடுத்துவிட வேண்டும். கை பழகிய பிறகு சீப்பைக் காட்டி, முதுகில் ஒரே ஓர் இழுப்போடு நிறுத்துங்கள். நகம் வெட்டுவது ஒரு நாளைக்கு ஒன்று போதும். அமுக்கிப் பிடிப்பதை இன்றே கைவிடுங்கள். உறுமினால் அடிக்கவும் வேண்டாம். அடித்தால் அது உறுமாமலே கடிக்கக் கற்றுக்கொள்ளும்.

ஒட்டியிருக்கும் உண்ணியைச் சிறு இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடித்து நேராக, மெதுவாக இழுங்கள், மண்ணெண்ணெய் ஊற்றாதீர்கள். குட்டி தீனியை மறுத்து, ஈறு வெளுத்து, சிறுநீர் செந்நிறமாகவோ பழுப்பாகவோ போனால் அன்றே மருத்துவரிடம் கொண்டு செல்லுங்கள். மறுநாள் வரை காத்திருக்க வேண்டாம்.