வானிலை, கட்டடம், அச்சு: மூன்றிலும் வரும் ‘ஸ்கிரீன்’ ஒன்றுதானா?

கேட்டவர் எழுதியதன் சுருக்கம் இது. பள்ளி ஆண்டு மலர் அச்சடிக்கப் போன இடத்தில் “எத்தனை ஸ்கிரீன் போடலாம்?” என்று கேட்டிருக்கிறார்கள். மகளின் புவியியல் பாடத்தில் ஸ்டீவன்சன் ஸ்கிரீன் வருகிறது. வீடு கட்டித் தருகிற பொறியாளரோ மாடிப்படிப் பக்கம் ஒரு ஸ்கிரீன் வால் எழுப்பலாம் என்கிறார். மூன்றும் ஒரே சொல்லா, இல்லை தற்செயலாக ஒரே மாதிரி ஒலிக்கிற வேறு வேறு சொற்களா?

ஒரே சொல்தான். நான் மதுரையில் ஸ்கிரீன் பிரிண்டிங் பட்டறை வைத்திருக்கிறேன். துணிப்பை, அழைப்பிதழ், ஸ்டிக்கர் என்று சில்லறை வேலைகள். சொல்லாராய்ச்சி என் தொழில் இல்லை. ஆனால் நாள் முழுக்க கையில் பிடித்திருக்கிற பொருளின் பெயர் வேறு இரண்டு துறைகளிலும் நடமாடினால் கவனிக்காமல் இருக்க முடியுமா?

மூலத்தில் அது குளிர் நாட்டுப் பொருள். கணப்பு அடுப்பின் வெக்கை முகத்தில் அடிக்காமல் இருக்க நடுவில் நிறுத்திய மறைப்புப் பலகைக்குப் பழைய பிரெஞ்சில் இருந்த பெயர் ஆங்கிலத்துக்கு வந்தது. ஜெர்மன் மொழியின் ‘ஷிர்ம்’ இதற்கு உறவு. அங்கே மழைக்குப் பிடிக்கிற குடை ‘ரேகன்ஷிர்ம்’, கணினியின் திரை ‘பில்ட்ஷிர்ம்’. ஆக, தொடக்கத்தில் மறைப்பது, காப்பது, அவ்வளவுதான் பொருள். பிறகு ஆங்கிலத்தில் மண்ணையும் கரியையும் சலிக்கிற பெரிய சல்லடைக்கும் இதே பெயர் ஒட்டிக்கொண்டது. மறைப்பில் ஓட்டை வந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். அதற்குப் பிறகு எந்தத் துறையில் ஸ்கிரீன் என்று கேட்டாலும் நான் இரண்டு கேள்விகள் கேட்டுக்கொள்வேன்: இது எதைத் தடுக்கிறது, எதை விடுகிறது? தமிழில் ‘திரை’ என்று சொல்லிவிட்டால் முதல் கேள்விக்கு மட்டும்தான் பதில் கிடைக்கும்.

வானிலையில் இருந்து தொடங்கலாம். ஸ்டீவன்சன் ஸ்கிரீன் என்பது காலில் நிற்கிற வெள்ளை மரப்பெட்டி. நான்கு பக்கமும் சாய்வான பலகைகள் இரட்டை வரிசையாக வரும். மேலே இரட்டைக் கூரை, அடியிலும் இடைவெளி விட்ட பலகைகள். வடிவமைத்தவர் தாமஸ் ஸ்டீவன்சன் (1818–1887), ஸ்காட்லாந்துக்காரர், கலங்கரை விளக்கங்கள் கட்டிய பொறியாளர். பெட்டிக்குள் இருப்பவை வெப்பமானிகள்: அன்றைய உச்ச வெப்பத்தைக் குறித்து வைப்பது ஒன்று, குறைந்ததைக் குறித்து வைப்பது ஒன்று, சாதாரண உலர் குமிழ் ஒன்று, ஈரத் துணி சுற்றிய ஈரக் குமிழ் ஒன்று.

இவ்வளவு ஏற்பாடு எதற்கு? வெப்பமானியை வெயிலில் வைத்தால் அது காற்றின் சூட்டைச் சொல்லாது. வெயிலைக் குடித்து அந்தக் குமிழ் எவ்வளவு சூடேறியது என்பதைச் சொல்லும். மழை நனைத்தால் ஈரம் உலரும்போது குமிழ் குளிர்ந்து குறைத்துக் காட்டும். சரி, மூடிய பெட்டிக்குள் வைப்போம் என்றால் உள்ளே அடைபட்ட காற்று புழுங்கி வேறு பொய் சொல்லும். அதனால் பெட்டி வெயிலையும் மழையையும் தரையிலிருந்து எழும் வெக்கையையும் தடுக்க வேண்டும், காற்றை மட்டும் தாராளமாக விட வேண்டும். நேர்க்கோட்டில் வரும் கதிர் சாய்பலகையில் முட்டி நின்றுவிடும். காற்று வளைந்து உள்ளே போகும். வெப்பமானிகள் தரையிலிருந்து 1.25 முதல் 2 மீட்டர் உயரத்துக்குள் இருக்க வேண்டும் என்பது உலக வழக்கம். எல்லா ஊர்க் கணக்கும் ஒப்பிடும்படி இருக்க வேண்டுமே.

பெட்டியின் கதவு வட அரைக்கோளத்தில் வடக்கு பார்த்து இருக்கும், திறந்தால் உள்ளே வெயில் விழக்கூடாது என்பதற்காக. லண்டனுக்கு இது கச்சிதம். சென்னை 13 டிகிரி வடக்கில் இருப்பதால் ஏப்ரல் கடைசியிலிருந்து ஆகஸ்ட் நடுப்பகுதி வரை நடுப்பகல் சூரியன் தலைக்குச் சற்று வடக்கேதான் நிற்கும். அங்கே உச்சிவேளையில் கதவைத் திறந்தால் வடக்கு என்பது பெரிய காப்பு இல்லை. ஐரோப்பியச் சட்டதிட்டம் ஒன்று நம் வெயிலில் கொஞ்சம் நெளிவது எனக்கு வேடிக்கையாக இருக்கும்.

கத்திரி வெயில் நாளில் “செய்தியில் 40 என்கிறான், என் காரில் 45 காட்டுது, குறைச்சுச் சொல்றாங்க” என்று சண்டை வருமே, அதற்கும் பதில் இந்தப் பெட்டிதான். நுங்கம்பாக்கத்திலும் மீனம்பாக்கத்திலும் அளக்கப்படுவது, வெயில் படாமல் ஓடுகிற காற்றின் சூடு. உங்கள் கார் அளப்பது தார்ச்சாலைக்கு மேலே, சூடேறிய எஞ்சினுக்குப் பக்கத்தில் இருக்கிற காற்றை. இரண்டையும் ஒப்பிட்டுச் சண்டை போடுவது வீண். இப்போது தானியங்கி நிலையங்களில் மரப்பெட்டிக்குப் பதில், இட்லித் தட்டுகளைக் கவிழ்த்து அடுக்கின மாதிரி வெள்ளை பிளாஸ்டிக் கூடு ஒன்று கம்பத்தில் இருக்கும். வேலை அதேதான்.

கட்டடத்துக்கு வருவோம். உங்கள் பொறியாளர் சொல்லும் ஸ்கிரீன் வால் ஓட்டை வைத்துக் கட்டும் சுவர். நம் ஊரில் ஜாலி என்றால் எல்லோருக்கும் புரியும். பழைய வீடுகளில் மாடிப்படி ஓரம் சிமெண்ட் ஜாலி பார்த்திருப்பீர்கள். ஜெய்ப்பூர் ஹவா மஹால் (1799) முகப்பு முழுக்க இதன் அரச வடிவம். செங்கல்லிலேயே மலிவாக இதைச் செய்து காட்டியவர் கட்டடக் கலைஞர் லாரி பேக்கர்; திருவனந்தபுரத்தில் அவர் கட்டிய வளர்ச்சி ஆய்வு மையத்தில் சுவருக்குச் சுவர் செங்கல் ஜாலிதான்.

தடுப்பவை: மேலிருந்து வரும் வெயில், தெருவில் போகிறவர் பார்வை. விடுபவை: காற்று, சிதறிய வெளிச்சம். இதில் ஓட்டையின் அகலத்தை விட ஆழம் முக்கியம். செங்கல் கனத்துக்கு ஆழமான சிறு துளையில் உச்சி வெயில் உள்ளே வராது. மெல்லிய தகட்டில் அதே அளவு துளை போட்டால் வெயில் புள்ளி புள்ளியாகத் தரையில் விழும். பார்வை விஷயம் இன்னும் சுவாரசியம். உள்ளே இருட்டு, வெளியே வெளிச்சம் என்றால் உள்ளிருப்பவருக்குத் தெரு தெரியும், தெருவில் இருப்பவருக்கு வெறும் துளைகள்தான் தெரியும். ராத்திரி விளக்கு போட்டால் கதை தலைகீழ். குளியலறைக்கு ஜாலி வைக்கும்போது இதை மறக்க வேண்டாம்.

ஒரு வாட்ஸ்அப் கதையையும் தீர்த்துவிடுகிறேன். சின்னத் துளை வழியாக நுழைந்தாலே காற்று குளிர்ந்துவிடும் என்று சுற்றிக்கொண்டே இருக்கிறது. அப்படி எல்லாம் ஏசி போலக் குளிராது. துளையில் காற்றின் வேகம் கூடும், வேகமான காற்று பட்டால் வியர்வை சீக்கிரம் உலரும், உடம்புக்குச் சுகமாக இருக்கும். காற்றையே குளிர்விக்க வேண்டும் என்றால் தண்ணீர் வேண்டும். அதற்குத்தான் வெட்டிவேர் தட்டி. ஜன்னலில் கட்டித் தண்ணீர் தெளித்தால், வேரில் உள்ள ஈரம் உலர்ந்து காற்றின் சூட்டை எடுத்துக்கொள்ளும். வானிலைப் பெட்டிக்குள் ஈரத் துணி சுற்றிய குமிழ் குறைத்துக் காட்டுவதும் இதே காரணத்தால்தான். ஈரக் குமிழ் காட்டும் அளவுக்குக் கீழே எந்தத் தட்டியாலும் குளிர்விக்க முடியாது. மதுரையின் வறண்ட மே மாதத்தில் தட்டி நன்றாக வேலை செய்வதும், கடல்காற்று ஈரம் சுமந்து வரும் சென்னையில் அவ்வளவாகச் செய்யாததும் அதனால்தான்.

‘தட்டி’ என்ற சொல்தான் ஸ்கிரீனுக்கு எனக்குத் தெரிந்த நெருங்கிய தமிழ். மூங்கில் தட்டி, ஓலைத் தட்டி மறைப்புக்கும் ஆகும், சந்து வழியே காற்றும் வரும். போதாக்குறைக்கு, நாடகத்துக்கும் கட்சிக் கூட்டத்துக்கும் காகிதம் ஒட்டி எழுதி நிறுத்திய விளம்பரமும் தட்டிதான். ஜன்னலுக்குப் பழந்தமிழில் ‘காலதர்’ என்று ஒரு பெயர் உண்டு: கால் என்றால் காற்று, அதர் என்றால் வழி. அது எதை விடுகிறது என்ற பக்கத்தை மட்டும் பார்த்து வைத்த பெயர்.

கட்டட வேலையில் இன்னொரு ஸ்கிரீனும் உண்டு. கல் கிரஷரில் அதிர்ந்துகொண்டே சலிக்கிற சல்லடையை அங்கே உள்ளவர்கள் ஸ்கிரீன் என்றுதான் சொல்வார்கள். ஒன்றரை ஜல்லி, முக்கால் ஜல்லி, அரை ஜல்லி என்று பிரிவதும், எம்-சாண்ட் தனியாக விழுவதும் அதில்தான்.

இனி என் பட்டறை. சட்டத்தில் இழுத்துக் கட்டிய சன்னமான வலை, இதுதான் ஸ்கிரீன். முன்பு பட்டுத் துணி, அதனால் ‘சில்க் ஸ்கிரீன்’, இப்போது பாலியெஸ்டர். வலை முழுக்க ஒளி பட்டால் கெட்டியாகும் எமல்ஷனை இருட்டில் தடவி உலர்த்தி, கறுப்பு எழுத்துள்ள ஃபிலிமை வைத்து வெளிச்சம் காட்டுவோம். கறுப்புக்கு அடியில் மட்டும் கெட்டியாகாது. தண்ணீர் அடித்தால் அங்கே கழுவிக்கொண்டு போய்விடும். அந்த இடம் வழியாக மை இறங்கும், மற்ற இடத்தில் நிற்கும். மையை இழுக்கிற ரப்பர் பட்டையான ஸ்குவீஜியால் ஒரு இழுப்பு, எழுத்து விழுந்துவிடும். மான்செஸ்டரைச் சேர்ந்த சாமுவேல் சைமன் 1907-இல் இதற்குக் காப்புரிமை வாங்கினார். 1962-இல் அமெரிக்க ஓவியர் ஆண்டி வார்ஹோல் நடிகை மர்லின் மன்றோவின் முகத்தை இதே முறையில் வரிசையாக அடித்த பிறகு ஓவியக்கூடங்களிலும் மதிப்பு வந்தது.

இங்கே வலைக்கு இன்னொரு வேலை இருக்கிறது, மற்ற இரண்டு துறைகளிலும் இல்லாதது. தகட்டில் எழுத்தை வெட்டி எடுத்து லாரியில் பெயிண்ட் அடிப்பார்களே, அதை உற்றுப் பாருங்கள். எழுத்துகள் அங்கங்கே உடைந்து, நடுவில் பாலம் விட்டிருக்கும். ‘ன’, ‘ண’, ‘ள’ என்று நம் எழுத்தில் சுழி அதிகம். தகட்டில் சுழியைச் சுற்றி வெட்டினால் நடுவில் இருக்கும் துண்டு கீழே விழுந்துவிடும். அதைப் பிடித்து வைக்கத்தான் பாலம். ஜப்பானியர் துணிக்கு அச்சிடும் காகித அச்சில் மெல்லிய பட்டு நூலை ஓடவிட்டு அந்தத் தீவுகளைத் தாங்கினார்கள். ஸ்கிரீனில் வலையே எல்லாத் தீவுகளையும் தாங்குகிறது. நூல் அவ்வளவு மெல்லியது என்பதால் மை அதன் அடியில் பரவி ஒன்றுசேர்ந்துவிடும், நூல் இருந்த தடம் தெரியாது. சுழி உடையாமல் தமிழ் எழுத்தை ஒரு மஞ்சப்பையில் அடிக்க முடிவது இதனால்தான். இதைத் ‘திரை அச்சு’ என்று மொழிபெயர்ப்பதில் எனக்கு மனம் ஒப்பவில்லை. ‘வலை அச்சு’ என்றால் பொருந்தும். ஆனால் பட்டறையில் எந்தப் பையனும் அப்படிச் சொல்ல மாட்டான், “ஸ்கிரீன் கழுவியாச்சாண்ணே” என்றுதான் கேட்பான்.

வானிலையும் என் தொழிலுக்குள் வந்துவிடும். ஐப்பசி, கார்த்திகையில் எமல்ஷன் தொட்டால் உலர்ந்த மாதிரி இருக்கும், உள்ளே ஈரம் நிற்கும். வெளிச்சம் காட்டிக் கழுவினால் நிற்க வேண்டியதும் சேர்ந்து உரிந்து வரும். அதனால் ஸ்கிரீன் உலர்த்தும் அறையில் ஈரப்பத மானி ஒன்று மாட்டியிருக்கிறேன், ஜன்னல் வெயில் படாத சுவரில்.

சரி, உங்கள் அச்சகம் கேட்ட ஸ்கிரீன் இதுவும் இல்லை, ஆனால் பங்காளி. புகைப்படத்தில் சாம்பல் நிறத்துக்கு எத்தனையோ படிகள். அச்சு எந்திரத்தில் கறுப்பு மை ஒன்றுதான்; அது விழும் அல்லது விழாது. அதனால் படத்தைப் புள்ளிகளாக உடைப்பார்கள், கருமைக்குப் பெரிய புள்ளி, வெளிறலுக்குச் சின்னப் புள்ளி. அந்தக் காலத்தில் கேமராவுக்குள் தகட்டின் முன்னால் குறுக்கும் நெடுக்கும் கோடு கீறிய கண்ணாடியை வைத்துப் படம் எடுத்து இதைச் செய்தார்கள். அந்தக் கண்ணாடிதான் ஸ்கிரீன். கல்கத்தாவில் உபேந்திரகிஷோர் ராய்சௌத்ரி அந்தக் கோடுகளின் கோணத்தையும் இடைவெளியையும் பற்றி ஆராய்ந்து எழுதியவை லண்டனின் ‘பென்ரோஸ்’ ஆண்டு மலரில் வெளிவந்தன. இன்று கண்ணாடி போய்விட்டது, கணினியே புள்ளி போடுகிறது, பெயர் மட்டும் நிலைத்துவிட்டது. “150 ஸ்கிரீன்” என்றால் ஓர் அங்குலத்துக்கு 150 வரிசைப் புள்ளி.

செய்தித்தாள் மாதிரியான மை உறிஞ்சும் காகிதத்துக்கு 85 முதல் 100 போதும். கூடப் போட்டால் புள்ளிகள் ஒன்றோடொன்று ஒட்டிப் படம் கறுத்துவிடும். ஆர்ட் பேப்பர் என்றால் 150 அல்லது 175 கேளுங்கள். படத்தை அச்சிடும் அளவிலேயே அங்குலத்துக்கு 300 பிக்சல் இருக்கும்படி கொடுங்கள். ஸ்கிரீன் எண்ணைப் போல இரண்டு மடங்கு என்பது பழகிய கணக்கு. பழைய மலரிலிருந்து படத்தை ஸ்கேன் செய்து கொடுப்பதாக இருந்தால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். அதில் ஏற்கெனவே புள்ளி இருக்கும், அதன்மேல் புதுப் புள்ளி விழுந்தால், இரண்டு கொசுவலை ஒன்றன்மேல் ஒன்று இருக்கும்போது தெரியுமே, அந்த அலை அலையான கோலம் தலைமையாசிரியர் முகத்தில் வந்துவிடும். ஸ்கேன் செய்யும்போதே ‘டீஸ்கிரீன்’ என்றொரு தேர்வு இருக்கும், அதைப் போடச் சொல்லுங்கள்.