முதல் வேறு, வட்டி வேறு

அன்புள்ள சார்,

ஆத்தங்குடியில் அப்பாவின் டைல்ஸ் பட்டறையை இப்போது நான் பார்த்துக்கொள்கிறேன். டிசம்பர் 10 அன்று குட்டியானை வண்டி எடுக்க 6 லட்சம் கடன் வாங்கினோம். வட்டி 12 சதவீதம், 60 தவணை, மாதம் 13,347 ரூபாய். மார்ச்சுக்குள் மூன்று தவணை கட்டி, 40,041 ரூபாயை வட்டிச் செலவு என்று எழுதியிருந்தேன். ஆடிட்டர் அலுவலகத்தில் அதை அடித்துவிட்டு 21,768 என்று போட்டிருக்கிறார்கள். கையை விட்டுப் போன பணம் எப்படிச் செலவில்லாமல் ஆகும்? வங்கி கொடுத்த தாளில் 21,768 என்ற தொகையே இல்லையே?

க., ஆத்தங்குடி

அன்புள்ள க.,

ஆடிட்டர் போட்டதுதான் சரி. ஆனால் ஏன் என்று உங்களை உட்காரவைத்துச் சொல்லியிருக்க வேண்டும்.

என் ஐயா பினாங்கில் ஒரு வட்டிக்கடையில் மேலாளாக, அதாவது முதலாளியின் சார்பில் கடையை நடத்துபவராக, இருந்து திரும்பியவர். கோடை விடுமுறையில் வீட்டுப் பட்டாலையில் கணக்குப் பெட்டிக்கு முன் என்னை உட்காரவைத்துப் பேரேடு எழுதப் பழக்கினார். ஒருநாள், ஒருவர் திருப்பிக் கொடுத்த தொகையை ஒரே வரியில் எழுதிவிட்டேன். அந்த வரிமேல் விரலை வைத்து, “இதுல முதல் எம்புட்டு, வட்டி எம்புட்டு? பிரிச்சு எழுது” என்றார். ரப்பரை எடுத்தேன். “கணக்குல அழிக்கக் கூடாது, அடிச்சிட்டுக் கீழ எழுது” என்று கையைப் பிடித்துக்கொண்டார்.

உங்கள் 40,041-ஐயும் அப்படித்தான் பிரிக்க வேண்டும். முதல் மாதம் 6 லட்சத்துக்கு ஒரு வட்டி, அதாவது நூற்றுக்கு ஒரு ரூபாய் வீதம் 6,000. மீதி 7,347 அசலில், அதாவது முதலில், கழிகிறது. அடுத்த மாதம் நிலுவை 5,92,653. அதற்கு வட்டி 5,927. மூன்றாவது மாதம் 5,852. ஆக வட்டி 17,779. மீதி 22,262 நீங்கள் வாங்கிய கடனையே திருப்பியது. கடன் வாங்கியபோது அந்த 6 லட்சத்தை வருமானம் என்று எழுதினீர்களா? இல்லையே. அப்படியானால் திருப்பிக் கொடுப்பதும் செலவாகாது. பணம் குறைந்தது, கடனும் அதே அளவு குறைந்தது. வண்டியின் விலை செலவாகாமல் போய்விடாது. வருஷா வருஷம் தேய்மானமாக இலாப நட்டக் கணக்குக்குள் வரும். தவணை முழுவதையும் செலவில் எழுதி, தேய்மானத்தையும் எழுதினால் ஒரே வண்டிக்கு இரண்டு முறை செலவு எழுதியதாகும்.

வட்டி என்பது பணத்துக்குக் கொடுக்கும் வாடகை. எத்தனை நாள் வைத்திருந்தோமோ அத்தனை நாளுக்கு. மார்ச் 10-க்குப் பிறகு, கணக்கு வருஷம் முடியும் 31 வரை இன்னும் 21 நாள் அந்தப் பணம் உங்களிடம் இருந்தது. நிலுவை 5,77,738-க்கு 21 நாள் வட்டி 3,989. ஒரு ரூபாய்கூட நீங்கள் கட்டவில்லை, ஆனாலும் அது இந்த வருஷத்துச் செலவு. 17,779-உடன் அதைச் சேர்த்தால் 21,768. வட்டிச் செலவில் பற்று (டெபிட்), கொடுபட வேண்டிய வட்டியில் வரவு (கிரெடிட்). இருப்புநிலைக் குறிப்பில் அது கடனாக நிற்கும். (வருமான வரிக்கு வங்கி வட்டியை உண்மையில் கட்டியிருந்தால்தான் கழிக்க விடுவார்கள் என்று தனி விதி இருக்கிறது, அதை ஆடிட்டரிடமே கேளுங்கள்.)

இது நம் செட்டிநாட்டுக்குப் புதிதல்ல. செட்டியார்களின் வட்டிக்கடையில் வட்டி வரவும் உண்டு, வட்டிச் செலவும் உண்டு. உறவினரும் ஊராரும் போட்டுவைத்த மேம்பணத்துக்குக் கடை வட்டி கொடுத்தாக வேண்டும். கடன் வாங்கியவர்கள் கட்டும் வட்டியிலிருந்து அதையும் மற்றச் செலவுகளையும் கழித்தால்தான் லாபம். மேலாள் தன் மூன்று வருஷக் கணக்கு முடித்து ஐந்தொகை (இருப்புநிலைக் குறிப்பு) போடும்போது இந்தக் கழித்தல் தப்பினால் கடையே தப்பு.

1930-களில் பர்மாவில் நெல் விலை விழுந்தபோது கடன்காரர்களால் பணம் திருப்ப முடியவில்லை, நிலமாகக் கொடுத்தார்கள். கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் செட்டியார்கள் கையிலிருந்த நிலம் 1930-இல் சுமார் 6 சதவீதம்; 1937-இல் 25 சதவீதம். பார்த்தால் சொத்து பெருகியது போலிருக்கும். ஆனால் கடையில் பணம் போட்டவர்களின் வட்டி நாளுக்கு நாள் ஏறிக்கொண்டே இருந்தது. அதை நிலத்தை வெட்டியா கொடுக்க முடியும்? இதைச் சொல்லும்போது ஐயாவின் குரல் தாழ்ந்துவிடும்.

உங்கள் கடன் குறையும் நிலுவைக்கு வட்டி போடுவது, அது நல்லது. இதே 6 லட்சத்துக்கு ‘ஃப்ளாட் 12 சதவீதம்’ (கட்டிய முதலைக் கழிக்காமல் கடைசிவரை முழுத் தொகைக்கும் வட்டி) என்று யாராவது வந்தால் கவனமாக இருங்கள். தவணை 16,000 ஆகும். உண்மையில் 20 சதவீதத்துக்கு மேல் கொடுப்பீர்கள்.

வங்கியில் தவணை அட்டவணை கேட்டு வாங்கிப் பட்டறைச் சுவரில் ஒட்டிவையுங்கள். ஏப்ரல் 10 தவணையில் வட்டி 5,777 இருக்கும். அதில் 3,989 போன வருஷக் கணக்கில் ஏறிவிட்டது. புது வருஷச் செலவில் 1,788 மட்டும் எழுதுங்கள்.