போன் வரும் வரைக்கும்

வணக்கங்க.

எங்களுக்கு ஊரு பல்லடத்துக்குப் பக்கம். வீட்டுக்காரருக்கு 46 வயசு, விசைத்தறி ஓட்டிட்டு இருந்தவரு. ரெண்டு கிட்னியும் போயி மூணு வருசமா வாரம் மூணு தடவை டயாலிசிஸ். எனக்குச் சர்க்கரை இருக்கறதால நான் குடுக்க முடியாதுன்னுட்டாங்க. மூளைச்சாவு ஆனவங்க கிட்னிக்குப் பதிஞ்சு ரெண்டு வருசம் ஏழு மாசம் ஆச்சுங்க. தைப்பூசத்துக்குள்ள கெடைச்சிரும்னு நெனைச்சோம், அப்புறம் சித்திரைன்னு நெனைச்சோம்.

மாசி மாசம் ஒரு ராத்திரி போன் வந்துச்சு. சொந்தபந்தம் அத்தனை பேருக்கும் சொல்லிட்டு கோயமுத்தூருக்கு ஓடுனோம். விடியக்காலம் நாலு மணிக்கு, வேற ஒருத்தருக்குத்தான் பொருந்துச்சுன்னு திருப்பி அனுப்பிட்டாங்க. அன்னைலிருந்து அவரு சரியாப் பேசறதே இல்லைங்க. தண்ணிக்குத் தினமும் சண்டை. எனக்கோ எந்தப் போன் அடிச்சாலும் நெஞ்சு படபடன்னு வருது, ராத்திரி நாலஞ்சு தடவை எந்திரிச்சுப் பாக்கறேன். ஆபரேசன் முடியட்டும்னு மகளை வெளியூர்க் காலேஜுக்கும் அனுப்பல.

இன்னொண்ணுங்க, யார்கிட்டயும் சொல்லாதது. பைபாஸ்ல ஆக்சிடென்ட்னு கேட்டா மனசு உடனே அங்க போயிருது. சென்னிமலையில சாமிகிட்ட நின்னு என்ன கேக்கறதுன்னு தெரியாமத் திரும்பி வந்தேன். ஒரு உசுரு போகோணும்னு காத்திருக்கற பாவி ஆயிட்டனா? சொந்தத்துல ஒருத்தர் புரோக்கரைப் பாக்கலாம்ங்கறாரு. எப்படிங்க பொறுக்கறது?

— ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

யாரிடமும் சொல்லாததிலிருந்தே தொடங்குகிறேன். உங்களை அதிகமாக அரிப்பது அதுதான் என்று படுகிறது.

ஒருவருக்கு மூளைச்சாவு என்று எழுத நான்கு மருத்துவர்கள் கொண்ட குழு வேண்டும். ஆறு மணி நேர இடைவெளியில் இரண்டு முறை சோதிக்க வேண்டும். மாற்று அறுவை செய்யும் அணியைச் சேர்ந்தவர் அந்தக் குழுவில் இருக்கக் கூடாது. 1994-ஆம் ஆண்டுச் சட்டம் அப்படித்தான் பிரித்து வைத்திருக்கிறது. காப்பாற்ற முடிந்தவரைக் காப்பாற்றுவது ஒரு கை, உறுப்பை எடுத்துப் பொருத்துவது வேறொரு கை. நீங்கள் காத்திருப்பதால் யாருடைய உயிரும் ஒரு நிமிடம் முன்னே போகாது. செய்தி கேட்டதும் மனம் அங்கே தாவுவது ஆசை அல்ல, பழக்கம். பசித்தவன் காதில் பாத்திரச் சத்தம் முதலில் விழுவது போலத்தான். அந்த எண்ணத்தை விரட்ட வேண்டாம், விரட்டினால் இன்னும் வரும். 'வந்துவிட்டது' என்று மனதுக்குள் சொல்லிவிட்டுக் கைவேலையைத் தொடருங்கள்.

2008-இல் மூளைச்சாவு அடைந்த பதினைந்து வயது ஹிதேந்திரனின் உறுப்புகளைத் தரச் சம்மதித்தவர்கள், மருத்துவர்களான அவன் பெற்றோரே. உறுப்பு தருபவர்களின் உடலுக்கு 2023 முதல் அரசு மரியாதை செய்யப்படுகிறது. கொடுக்கும் குடும்பம் ஒரு முடிவை எடுக்கிறது, அந்த முடிவு முழுக்க அவர்களுடையது. சாமியிடம் என்ன கேட்பது என்றீர்கள். சிறுநீரகம் வரும்போது உங்கள் கணவரின் உடம்பு தயாராக இருக்க வேண்டும் என்று கேட்கலாமே, அதில் யாருடைய இழப்பும் இல்லை.

மாசி மாதத்து இரவில் நடந்தது என்னவென்றும் தெரிந்துகொள்ளுங்கள். ஒரு சிறுநீரகத்துக்கு ஒன்றுக்கு மேற்பட்டவர்களை அழைப்பது வழக்கம். கொடையாளியின் அணுக்களோடு உங்கள் கணவரின் ரத்தத்தைச் சேர்த்துப் பார்க்கும் 'கிராஸ் மேட்ச்' சோதனைக்குச் சில மணி நேரம் பிடிக்கும். அது வரும் வரை யாருக்கென்று சொல்ல முடியாது, அதுவரை யாரையும் அழைக்காமல் காத்திருந்தால் உறுப்பு வீணாகும். யாரும் அவரை ஒதுக்கவில்லை. அழைப்பு வந்ததே, காத்திருப்போர் பட்டியலில் அவர் பெயர் நடப்பில் இருப்பதால்தான். அடுத்தது சீக்கிரம் வரும் என்று இதை வைத்துச் சொல்லிவிட முடியாது, சொன்னால் பொய்.

அதனால் தைப்பூசம், சித்திரை என்று கெடு வைப்பதை நிறுத்துங்கள். ஒவ்வொரு கெடு தாண்டும்போதும், இல்லாத ஒன்றை இழந்த துக்கம் வருகிறது. தேதி உங்கள் கையில் இருக்கும் காரியங்களுக்கு மட்டும் தேதி வையுங்கள். மகளின் கல்லூரி அதில் முதலாவது. அவளை நிறுத்தி வைப்பதால் பட்டியல் நகராது. ஆனால் தன்னால் பிள்ளை படிப்பு நின்றது என்ற எண்ணம் உங்கள் கணவரின் மௌனத்தில் கட்டாயம் இருக்கும்.

போன் விஷயம். எடுத்துப் பார்த்ததும் சில நிமிடம் நிம்மதி கிடைக்கிறது. அந்த நிம்மதிதான் திரும்பத் திரும்ப எடுக்க வைக்கிறது. மருத்துவமனை ஒருங்கிணைப்பாளரின் எண்களுக்கு மட்டும் தனி ரிங்டோன் வையுங்கள். இரவில் போன் முழுச் சத்தத்தில், சார்ஜரில், கூடத்தில் இருக்கட்டும், தலைமாட்டில் வேண்டாம். மகள் எண்ணையும் மாற்று எண்ணாகக் கொடுத்து வையுங்கள். முதல் வாரம் கை பரபரக்கும். எழுந்து பார்ப்பதை நான்கிலிருந்து இரண்டாக்கினாலே போதும், பிறகு தானாகக் குறையும். கவலைக்கு மாலை ஐந்திலிருந்து ஐந்தேகால் வரை என்று நேரம் ஒதுக்குங்கள். மற்ற நேரத்தில் வந்தால் ஒரு சீட்டில் எழுதி, ஐந்து மணிக்குப் பாருங்கள். படுக்கப் போகுமுன் மட்டும் இதைச் செய்ய வேண்டாம், தூக்கம் கெடும்.

ஒரு பை கட்டி வையுங்கள். மருத்துவ ஃபைல், ஆதார், காப்பீட்டு அட்டை, மருந்துப் பட்டியல், கடைசி டயாலிசிஸ் தேதியும் டிரை வெயிட்டும் (தேங்கிய நீர் போனபின் இருக்க வேண்டிய எடை) எழுதிய தாள். எந்த வண்டி, யார் ஓட்டுவது என்பதை இப்போதே பேசி முடியுங்கள். அழைப்பு வந்தால் அவருக்குக் காய்ச்சல், இருமல் உண்டா என்று மறைக்காமல் சொல்லி, சாப்பிடலாமா என்று கேட்டுக்கொள்ளுங்கள். அடுத்த முறை இரண்டே பேருக்குத் தகவல் போகட்டும். போன தடவை பாதி வலி, திரும்பி வந்து ஊருக்கெல்லாம் பதில் சொன்னதில் வந்தது.

தண்ணீர்ச் சண்டைக்கு முக்கால்வாசிக் காரணம் உப்பு. ஊறுகாய், அப்பளம், கடை மிக்சர் குறைந்தாலே தாகம் குறையும். முந்தைய நாள் போன சிறுநீரின் அளவோடு 500 மி.லி. என்பது பொதுக் கணக்கு, அவருக்கான அளவை அவர் மருத்துவர் சொல்லியிருப்பார். காலையிலேயே அதை ஒரு பாட்டிலில் ஊற்றி அவர் கையில் கொடுத்துவிடுங்கள். நீங்கள் காவல்காரி ஆகாதீர்கள். தினமும் எடை பார்த்து எழுதுவதும் அவர் வேலையாக இருக்கட்டும். வெயிலுக்கு நல்லது என்று இளநீர் நீட்டுவது நம் பக்கத்துப் பாசம், ஆனால் அதிலுள்ள பொட்டாசியம் இவருக்கு இதயத்தையே நிறுத்தக்கூடும். கடையில் விற்கும் 'லோ சோடியம்' உப்பும் அப்படியே.

டயாலிசிஸ் முடிந்து வந்த மாலையில் எந்தப் பேச்சும் எடுக்காதீர்கள், உடம்பு அடித்துப் போட்டது போல இருக்கும். மறுநாள் காலை பேசுங்கள். மாசி இரவைப் பற்றி அவரிடம் யாராவது கேட்டார்களா? "எனக்கும் வலிச்சுதுங்க" என்று நீங்கள் முதலில் சொல்லுங்கள். "இனி மிசின்ல உக்கார மாட்டேன்" என்றோ, வாழ்வது வீண் என்றோ அவர் சொன்னால், அன்றைக்கே மருத்துவரிடம் சொல்லுங்கள். 14416 டெலி மானஸ் எண்ணில் எந்த நேரமும் தமிழில் பேசலாம். மனச்சோர்வுக்கு மருந்து உண்டு. ஆனால் சிறுநீரகத்துக்கு ஏற்ப அளவு மாறும் என்பதால் கடையில் வாங்கிக் கொடுக்க வேண்டாம்.

புரோக்கர் பேச்சை அந்தச் சொந்தக்காரரிடம் ஒரே வரியில் முடியுங்கள். வாங்குவதும் விற்பதும் குற்றம், பணமும் போகும். இன்னொன்று, அவருக்கு ரத்தம் ஏற்றிக்கொள்ளச் சொன்னால், பட்டியலில் இருப்பதை மருத்துவருக்கு நினைவூட்டுங்கள். தேவையென்றால் ஏற்றித்தான் ஆக வேண்டும், ஆனால் ஏற்றிய ரத்தத்தால், பிறர் அணுக்களைத் தாக்கும் எதிர்ப்பொருள் உடம்பில் உருவாகிப் பொருத்தம் கிடைப்பது கடினமாகலாம்.

கடைசியாக, உங்களுக்குச் சர்க்கரை என்று ஒரு வரி எழுதிவிட்டு நகர்ந்துவிட்டீர்கள். மூன்று மாதச் சராசரி சர்க்கரைச் சோதனை எப்போது எடுத்தீர்கள்? அடுத்த டயாலிசிஸ் நாளில், அவர் உள்ளே இருக்கும் நான்கு மணி நேரத்தில், பக்கத்து லேபில் ரத்தம் கொடுத்துவிட்டு வாருங்கள்.