நம்பிக்கையில்லாத் தீர்மானம்: கேட்டவையும் சொன்னவையும்

நாளிதழ் டெஸ்க்கில் இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் உட்கார்ந்து சட்டமன்ற, நாடாளுமன்றச் செய்திகளுக்குத் தலைப்பு வைத்தவன் நான். "நம்பிக்கையில்லாத் தீர்மானம்" என்ற சொல்லைப் பற்றி எதை வேண்டுமானாலும் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். ஒரே மாதிரி வந்த கேள்விகளைச் சேர்த்துவிட்டேன். கட்சிச் சண்டைக்கு இழுத்த இரண்டை மட்டும் ஒதுக்கினேன், கோபித்துக்கொள்ள வேண்டாம்.

கல்லூரி மாணவி, தேனி: சார், வாலில்லாக் குரங்கு என்றால் குரங்குக்கு வால் இல்லை. அப்படியென்றால் நம்பிக்கையில்லாத் தீர்மானம் என்றால் தீர்மானத்துக்கு நம்பிக்கை இல்லை என்றுதானே வருகிறது? நடுவில் அந்த "த்" எதற்கு?

குரங்கை விடுங்கள், "தூக்கமில்லா இரவு" என்று சொல்கிறோமே, தூங்காதது இரவா? நாம்தான். தமிழில் பெயரெச்சம் அப்படித்தான் தாராளமாக நடந்துகொள்ளும். "அரசின் மீது அவைக்கு நம்பிக்கை இல்லை எனக் கூறும் தீர்மானம்" என்பதன் சுருக்கம் இது.

"த்" பற்றி: "இல்லாத" என்பதன் கடைசி எழுத்து கெட்டு "இல்லா" என்று நிற்கிறது. ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம் என்று பள்ளியில் படித்திருப்பீர்கள். அதற்குப் பின் வல்லினம் மிகும். "நம்பிக்கையில்லாத தீர்மானம்" என்று முழுதாக எழுதினால் ஒற்று வேண்டாம். இரண்டிலும் சேராமல் "நம்பிக்கையில்லா தீர்மானம்" என்று அச்சாகிறதே, அது பிழை. தலைப்பில் இடம் போதவில்லை என்று காரணம் சொல்வார்கள். ஒரு "த்" எவ்வளவு இடம் பிடிக்கும் என்று எனக்குத் தெரியும்.

யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர்: நாங்கள் இதை நம்பிக்கையில்லாப் பிரேரணை என்றுதான் சொல்லுறது ஐயா. எது சரி?

உங்களுடையதுதான் கூடுதல் சரி. தீர்மானம் என்றால் தீர்ந்து முடிவானது. அவையில் ஓர் உறுப்பினர் எழுந்து கொண்டுவருவது இன்னும் முடிவாகாத முன்மொழிவு. அவை ஏற்ற பிறகுதான் அது தீர்மானம் ஆகிறது. நாங்கள் கொண்டுவரும்போதே தீர்மானம் என்று பெயர் வைத்துவிடுவதால், "தீர்மானம் தோற்றது" என்று ஒரு விசித்திரமான வாக்கியத்தை எழுத வேண்டியிருக்கிறது. பிரேரணை தோற்கலாம், அதில் ஒன்றும் உறுத்தவில்லை.

ஆனால் சொல் சரியாக இருந்த உங்கள் நாட்டில் செயல் விநோதமாகப் போன கதையும் உண்டு. 1981 ஜூலையில், யாழ்ப்பாண நூலகம் எரிந்து சில வாரங்களே ஆன நிலையில், ஆளுங்கட்சியான ஐக்கிய தேசியக் கட்சியினர் எதிர்க்கட்சித் தலைவர் அமிர்தலிங்கம் மீது நம்பிக்கையில்லாப் பிரேரணை கொண்டுவந்து நிறைவேற்றினார்கள். எதிர்க்கட்சித் தலைவர் என்பவர் அரசாங்கத்தின் நம்பிக்கையில் உட்கார்ந்திருப்பவர் அல்லவே! அவர்மேல் ஆளுங்கட்சிக்கு நம்பிக்கை இல்லை என்றால் அவர் வேலையை ஒழுங்காகச் செய்கிறார் என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். பிரேரணை நிறைவேறிய பிறகும் அவர் அந்தப் பதவியில் தொடர்ந்தார். இந்தச் சொல்லை இதைவிடத் தலைகீழாக யாரும் பயன்படுத்தி நான் பார்க்கவில்லை.

2018 நவம்பர் 14 அன்று, பிரதமராக நியமிக்கப்பட்டிருந்த மகிந்த ராஜபக்சவுக்கு எதிரான பிரேரணை குரல் வாக்கெடுப்பில் நிறைவேறியதும், 16ஆம் தேதி அவைக்குள் மிளகாய்த்தூள் பறந்ததும் உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

வங்கி ஊழியர், திருச்சி: நம்பிக்கை வாக்கெடுப்பு, நம்பிக்கையில்லாத் தீர்மானம் இரண்டும் ஒன்றுதானா?

இல்லை. இதில் நானே வாங்கிக் கட்டிக்கொண்டவன். 1999 ஏப்ரல் 17. டெஸ்க்கில் சேர்ந்து ஓராண்டுகூட ஆகவில்லை. அ.தி.மு.க. ஆதரவை விலக்கிக்கொண்டதால், பெரும்பான்மையை நிரூபிக்கச் சொல்லி வாஜ்பாயிடம் குடியரசுத் தலைவர் கே.ஆர். நாராயணன் கேட்டிருந்தார். ஆதரவு 269, எதிர்ப்பு 270. ஒரே ஓட்டு. கை நடுங்க நான் எழுதிய தலைப்பு: "நம்பிக்கையில்லாத் தீர்மானம் ஒரு ஓட்டில் வெற்றி". தலைமை உதவி ஆசிரியர் தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "தீர்மானத்தைக் கொண்டுவந்தது யாருப்பா?" என்று மட்டும் கேட்டார்.

கொண்டுவந்தது வாஜ்பாய். "என் அரசின் மீது அவை நம்பிக்கை தெரிவிக்கிறது" என்று அரசே முன்வைப்பது நம்பிக்கை கோரும் தீர்மானம். "நம்பிக்கை இல்லை" என்று எதிரணி முன்வைப்பது மற்றது. அன்று தோற்றது முதல் வகை. வி.பி. சிங் 1990 நவம்பரிலும் தேவ கவுடா 1997 ஏப்ரலிலும் விழுந்ததும் அதே வகையில்தான்.

சரி, நம்பிக்கையில்லாத் தீர்மானம் வாக்கெடுப்பில் வென்று மத்திய அரசு எதுவும் விழுந்திருக்கிறதா? இதுவரை இல்லை. அருகே வந்தது 1979 ஜூலை. ஒய்.பி. சவாண் கொண்டுவந்த தீர்மானம் விவாதத்தில் இருக்கும்போதே, ஆள் கணக்கு கரைவதைப் பார்த்த மொரார்ஜி தேசாய் வாக்கெடுப்புக்கு முன் விலகிவிட்டார்.

போட்டித் தேர்வுக்குப் படிப்பவர், விருதுநகர்: அரசியல் சட்டத்தில் இது எந்தப் பிரிவில் வருகிறது?

எந்தப் பிரிவிலும் இல்லை. இப்படித் திரித்துக் கேட்டால் தேர்வில் பலர் வழுக்குவார்கள். அமைச்சரவை மக்களவைக்குக் கூட்டாகப் பொறுப்புள்ளது என்று 75(3) சொல்கிறது. மாநிலங்களுக்கு 164(2). அவ்வளவுதான். "நம்பிக்கையில்லாத் தீர்மானம்" என்ற பேச்சு வருவது மக்களவையின் நடைமுறை விதிகளில், 198ஆம் விதி. காலை 10 மணிக்குள் எழுத்து மூலம் அறிவிப்பு, அவையில் 50 பேர் எழுந்து நின்று ஆதரவு, பிறகு சபாநாயகர் நாள் குறிப்பார். மாநிலங்களவையில் இதைக் கொண்டுவர முடியாது.

இன்னொன்று: காரணம் எழுத வேண்டிய அவசியம் இல்லை. இதையும் கண்டனத் தீர்மானத்தையும் பிரிப்பதே அதுதான். கண்டனம் என்றால் எதற்காக என்று சொல்ல வேண்டும். அதை ஒரு தனி அமைச்சர் மீதும் கொண்டுவரலாம், நிறைவேறினாலும் அரசு விலக வேண்டியதில்லை. நம்பிக்கையில்லாத் தீர்மானம் மொத்த அமைச்சரவை மீது. "அந்த அமைச்சர்மேல் நம்பிக்கையில்லாத் தீர்மானம்" என்று மக்களவைச் செய்தியில் யாராவது எழுதினால் சந்தேகப்படுங்கள்.

ஓய்வுபெற்ற ஆசிரியர், தஞ்சாவூர்: தோற்கும் என்று தெரிந்தே கொண்டுவருகிறார்களே, இது நேர விரயம் இல்லையா?

ஐயா, இந்தியாவின் முதல் நம்பிக்கையில்லாத் தீர்மானமே அப்படி வந்ததுதான். 1963 ஆகஸ்ட், சீனப் போரில் அடிவாங்கிய மறு ஆண்டு. ஒரு காலத்தில் காங்கிரஸ் தலைவராகவே இருந்த ஆச்சார்ய கிருபளானி நேரு அரசுக்கு எதிராகக் கொண்டுவந்தார். ஆதரவு 62, எதிர்ப்பு 347. எண்ணிக்கை என்ன வரும் என்று கிருபளானிக்குத் தெரியாதா? ஆனால் நான்கு நாள் விவாதம் நடந்தது. போரில் என்ன தவறு என்று பிரதமரை உட்காரவைத்துக் கேட்க முடிந்தது. இப்படி அவ்வப்போது சோதனை வருவது நல்லதுதான் என்ற தொனியில் நேரு பதில் சொன்னார்.

2023இலும் அதே கணக்குதான். மணிப்பூரில் மே மாதம் கலவரம் வெடித்தது. பிரதமர் அவையில் வந்து பேச வேண்டும் என்று எதிர்க்கட்சிகள் கேட்டு அலுத்துவிட்டன. கௌரவ் கோகோய் தீர்மானம் கொண்டுவந்தார். பிரதமர் இரண்டு மணி நேரத்துக்கும் மேல் பேசினார். எதிர்க்கட்சிகள் நடுவிலேயே வெளிநடப்பு செய்துவிட, தீர்மானம் குரல் வாக்கில் தோற்றது. கேட்ட பதில் கிடைத்ததா என்பது வேறு விஷயம், வாயைத் திறக்கவைக்க அவர்களிடம் இருந்த கருவி அதுதான். இந்திரா காந்தி மீது 15 முறை கொண்டுவந்தார்கள். ஒருமுறைகூட ஜெயிக்கவில்லை.

எனவே "நம்பிக்கை" என்ற சொல்லைப் பார்த்து ஏமாற வேண்டாம். இதில் மனசுக்கு வேலை இல்லை, தலைகளை எண்ணுவதுதான். உங்களை எனக்குப் பிடிக்காமல் இருக்கலாம், உங்கள் கொள்கையை நான் திட்டலாம், ஆனாலும் நீங்கள் ஆளலாம் என்று கை தூக்கினால் அது "நம்பிக்கை".

ஒருமுறை தோற்றால் ஆறு மாதத்துக்கு மறுபடி கொண்டுவர முடியாதாமே?

அரசியல் சட்டத்தில் அப்படி ஒரு வரி கிடையாது. அவை முடிவெடுத்த அதே விஷயத்தை அதே கூட்டத்தொடரில் மறுபடி எழுப்பக் கூடாது என்று மக்களவை விதி இருக்கிறது. அது வாய்வழியாக நீண்டு நீண்டு வேறொன்றாகிவிட்டது.

ஐ.டி. ஊழியர், சென்னை: அண்ணா, 2017இல் சட்டமன்றத்தில் ரகசிய வாக்கெடுப்பு கேட்டார்களே, ஏன் கொடுக்கவில்லை? கொடுத்திருந்தால் உண்மை தெரிந்திருக்குமே?

அந்த நாள் பலருக்கும் நினைவிருக்கும். பிப்ரவரி 18, கூவத்தூர் விடுதியிலிருந்து நேரே அவைக்கு வந்த உறுப்பினர்கள், மேசை நாற்காலி ரகளை, தி.மு.க.வினர் வெளியேற்றம், கிழிந்த சட்டையோடு மு.க. ஸ்டாலின். கடைசியில் எடப்பாடி பழனிசாமிக்கு ஆதரவாக 122, எதிராக 11. இதுவும் நம்பிக்கை கோரும் தீர்மானம்தான்.

ரகசியம் கேட்டவர்களின் வாதம் எனக்குப் புரிகிறது, விடுதியில் அடைத்துவைக்கப்பட்டவர் பயமில்லாமல் ஓட்டுப் போடட்டும் என்று. ஆனால் என் கருத்து வேறு. ரகசிய ஓட்டு உங்களுக்கும் எனக்குமானது. நம் சார்பில் உட்கார்ந்திருப்பவர் எந்தப் பக்கம் கை தூக்கினார் என்று நமக்குத் தெரிந்தாக வேண்டும். இல்லாவிட்டால் அடுத்த தேர்தலில் எதை வைத்துக் கேள்வி கேட்பது? போதாக்குறைக்குக் கட்சித் தாவல் தடைச் சட்டம், 1985இல் வந்த பத்தாவது அட்டவணை, இருக்கிறது. எப்படி ஓட்டுப் போட வேண்டும் என்று கட்சி சார்பில் உத்தரவிடும் கொறடாவை மீறினால் பதவி போகும். ரகசியமாகப் போட்டால் மீறியது யார் என்றே தெரியாது. அந்தச் சட்டம் வந்த பிறகு "நம்பிக்கை" பாதி உறுப்பினருடையது, பாதி கொறடாவுடையது. எனக்கு அது அவ்வளவு உவப்பில்லை, இருந்தாலும் நிலைமை அதுதான்.

1988 ஜனவரி 28 இதைவிட மோசம். எம்.ஜி.ஆர். மறைந்து ஒரு மாதம். ஜானகி அரசின் நம்பிக்கை வாக்கெடுப்பில் அடிதடி, அவைக்குள்ளேயே போலீஸ். சபாநாயகர் பி.எச். பாண்டியன் அரசு வென்றதாக அறிவித்தார். இரண்டே நாளில் மத்திய அரசு ஆட்சியைக் கலைத்தது. பெரும்பான்மை உண்டா இல்லையா என்பதை ஆளுநர் தன் அறையில் உட்கார்ந்து முடிவு செய்யக் கூடாது, அவையில்தான் பார்க்க வேண்டும் என்று எஸ்.ஆர். பொம்மை வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது 1994இல்.

ஜெர்மனியில் வசிப்பவர்: இங்கே இதற்கு வேறு பெயர் சொல்கிறார்கள். மாற்று ஆள் இல்லாமல் கவிழ்க்க முடியாதாமே?

ஆமாம். உங்கள் ஊர்ச் சொல் "மிஸ்ட்ராவன்ஸ்ஃபோட்டும்". அதை அப்படியே தமிழில் போட்டால் "அவநம்பிக்கை வாக்கு". நாம் நம்பிக்கை "இல்லை" என்கிறோம், அவர்கள் அவநம்பிக்கை "இருக்கிறது" என்கிறார்கள். இன்மை வேறு, சந்தேகம் வேறு. தமிழில் "அவநம்பிக்கைத் தீர்மானம்" என்று எழுதினால் கொஞ்சம் காரம் கூடிவிடும், நான் தவிர்ப்பேன்.

அதற்கு முன்னால் "ஆக்கபூர்வமான" என்று ஓர் அடை சேர்ப்பார்கள். காரணம் வைமார் குடியரசின், அதாவது ஹிட்லருக்கு முந்தைய ஜெர்மனியின், அனுபவம். இடதும் வலதும் சேர்ந்து ஆட்சியைக் கவிழ்க்கும், ஆனால் அடுத்தது யார் என்பதில் சேராது. அதனால் போருக்குப் பிந்தைய அடிப்படைச் சட்டத்தின் 67ஆம் பிரிவு, புதியவரைப் பெரும்பான்மையோடு தேர்ந்தெடுத்தால்தான் பழையவர் போவார் என்று வைத்தது. 1972இல் சான்சலர், அதாவது ஆட்சித் தலைவர், வில்லி பிராண்ட் தப்பினார். அவருக்கு மாற்றாக எதிர்க்கட்சி நிறுத்திய ரைனர் பார்ட்ஸலுக்கு 249 ஓட்டு தேவை, கிடைத்தது 247. 1982 அக்டோபர் 1 அன்று ஹெல்முட் ஷ்மிட் போய் ஹெல்முட் கோல் வந்தார். கூட்டாட்சி அளவில் ஜெயித்தது அந்த ஒன்றுதான்.

2024 டிசம்பரில் ஓலாஃப் ஷோல்ஸ் தோற்றது இது இல்லை. அவரே நம்பிக்கை கேட்டு, தோற்பதற்காகவே கேட்டு, முன்கூட்டியே தேர்தல் வரவைத்தார். நம்பிக்கை கேட்டுத் தோற்றால்தான் வேலை நடக்கும் என்ற நிலைமை! அப்புறம் "நம்பிக்கை" என்ற சொல்லுக்கு அகராதிப் பொருள் தேடி என்ன பயன்?

நோட்டா என்பது மக்கள் கொண்டுவரும் நம்பிக்கையில்லாத் தீர்மானம் என்று சொல்லலாமா?

மேடையில் சொல்லலாம், கைதட்டு கிடைக்கும். ஆனால் பொருந்தாது. தீர்மானம் வென்றால் அரசு போக வேண்டும். நோட்டா முதலிடம் வந்தாலும் அடுத்து அதிக ஓட்டு வாங்கிய வேட்பாளர்தான் ஜெயித்தவர். உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் 2013இல் வந்த ஏற்பாடு இது. 2017 ஆர்.கே. நகர் இடைத்தேர்தலில் நோட்டாவுக்கு 2,373, பா.ஜ.க.வுக்கு 1,417. கேலி செய்ய உதவியது, வேறொன்றுக்கும் உதவவில்லை.

சபாநாயகர் மேல் நம்பிக்கையில்லாத் தீர்மானம் என்று செய்தி வருகிறதே?

பத்திரிகைச் சுருக்கம். சட்டப்படி அது பதவி நீக்கத் தீர்மானம், 14 நாள் முன்னறிவிப்பு வேண்டும். மக்களவைக்கு 94ஆம் பிரிவு. 1954இல் முதல் மக்களவைத் தலைவர் மாவலங்கர் மீதே வந்து தோற்றது. இதற்குத் தலைப்பில் "நீக்கத் தீர்மானம்" என்று போட்டால் எழுத்தும் குறைவு. ஆனாலும் யாரும் போடமாட்டார்கள்.

வார்டு உறுப்பினர், சிவகங்கை மாவட்டம்: எங்கள் ஊராட்சித் தலைவர் கூட்டமே நடத்துவதில்லை. உறுப்பினர்கள் சேர்ந்து நம்பிக்கையில்லாத் தீர்மானம் போடலாமா அய்யா?

உங்கள் தலைவரை ஊர் மக்கள் நேரடியாக ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தார்கள். நீங்கள் கொடுக்காத நம்பிக்கையை நீங்கள் எப்படித் திரும்பப் பெறுவீர்கள்? உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்கும் துணைத் தலைவர் மீதும், ஊராட்சி ஒன்றியத் தலைவர் மீதும் கொண்டுவரலாம். கிராம ஊராட்சித் தலைவர் என்றால் மாவட்ட ஆட்சியர் வழியாகத்தான் போக வேண்டும், தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 1994, பிரிவு 205. கூட்டம் நடக்காத மாதங்களின் விவரத்தைத் தேதியோடு எழுதி, உறுப்பினர்கள் கையெழுத்தோடு ஆட்சியரிடம் கொடுங்கள். மனுவின் தலைப்பில் மட்டும் "நம்பிக்கையில்லாத் தீர்மானம்" என்று எழுதிவிடாதீர்கள், அதைக் காட்டியே திருப்பி அனுப்பிவிடுவார்கள்.